வெள்ளைக் கோட்டில் நடந்த பிள்ளைகள்

இந்தோனேசிய இளையோர் கெட்டுக் குட்டிச்சுவராகிவிட்டனர் என்கிறார்கள் நம் ஆசிரியர் சிலரும் பெற்றோர் சிலரும். தலைமயிர்ச் சாயம், கிழிந்த காற்சட்டை, டிக்டாக் ஆட்டம், ஆங்கிலம் கலந்த பேச்சு என்று குற்றப்பட்டியல் நீள்கிறது. இக்கூற்றை நான் அடியோடு மறுக்கிறேன்.

2022 சூலையில் ஜகார்த்தாவின் டுக்கு அத்தாஸ் பகுதியில், சாலையைக் கடக்கும் வெள்ளைக் கோடுகளையே அழகுநடை மேடையாக்கினர் சில சிறுவர் சிறுமியர். சித்தாயம், போஜோங்கெடே, டெப்போக் முதலிய புறநகர்களிலிருந்து தொடர்வண்டியில் வந்தவர்கள். மலிவான ஆடைகளைத் தம் விருப்பம்போல் இணைத்து உடுத்தியவர்கள். 'எஸ்.சி.பி.டி.' என்பது அந்நகரின் செல்வம் கொழிக்கும் வணிக வட்டாரத்தின் பெயர்ச்சுருக்கம். அதே நான்கு எழுத்துகளுக்குச் சுடிர்மான், சித்தாயம், போஜோங்கெடே, டெப்போக் என்று புதுவிரிவு பிறந்தது. என்ன அருமையான சொல்விளையாட்டு! என் வகுப்பில் ஒரு மாணவன் இப்படி எழுதினால் முழுப்புள்ளி வழங்குவேன்.

அதன்பின் பெரியவர்கள் செய்ததே வெட்கக்கேடு. அரசியல் தலைவர்கள் வந்து நடந்து, படம் எடுத்துக்கொண்டனர். புகழ்பெற்ற நடிகர் ஒருவரின் நிறுவனம் 'சித்தாயம் ஃபேஷன் வீக்' என்னும் பெயரைத் தன் வணிக முத்திரையாகப் பதிய விண்ணப்பித்தது. கடுங்கண்டனம் எழுந்த பிறகே மீட்டுக்கொண்டது. போக்குவரத்துக்கு இடையூறு என்று அம்மாத இறுதியில் அந்நடைக்குத் தடையும் வந்தது. (நெரிசலும் குப்பையும் இருந்தன, நான் மறுக்கவில்லை.)

இத்தகைய பிள்ளைகளை இகழ அங்கே 'அலாய்' என்றொரு சொல் முன்பே உண்டு. 'பட்டம் விடும் பிள்ளை' என்பதன் சுருக்கம் அது என்பர். அதாவது, வெயிலில் திரியும் ஏழைப்பிள்ளை. ஆடையைப் பழிப்பதுபோல் தோன்றும் அச்சொல் உண்மையில் வறுமையைத்தான் குத்துகிறது. அதே சாயம் வசதியான வீட்டுப் பிள்ளையின் தலையில் ஏறினால் அதற்குப் பெயர் நாகரிகம்!

மொழிக்கலப்பு எனக்கும் உவப்பானதன்று. தென் ஜகார்த்தா இளையோர் வரிக்கு வரி 'லிட்டரலி' என்பதைக் கேட்டால் காது கூசுகிறது. ஆயினும், 1928 அக்டோபர் 28-இல் இந்தோனேசிய மொழியை ஒற்றுமையின் மொழியாக ஏற்று உறுதிமொழி எடுத்தவர்களும் இளையோரே. அம்மாநாட்டிலேயே டச்சு மொழியில் பேசியோர் இருந்தனர். அதனால் அம்மொழி அழிந்துவிட்டதா? பெருந்தொகையினர் பேசும் சாவக மொழியை விடுத்து, மலாயிலிருந்து வளர்ந்த மொழியைத் தேர்ந்த தெளிவு அவ்விளையோருக்கு இருந்தது.

டுக்கு அத்தாசில் நடந்தவர்களுள் பள்ளிப்படிப்பை நிறுத்திவிட்டவர்களும் இருந்தனர். ஆசிரியர்களாகிய நம்மைச் சுட வேண்டிய செய்தி இதுவன்றோ? அவர்களின் தலைமயிர் நிறத்தைப் பற்றி ஓயாது பேசுவோருள் எத்தனை பேர், அப்பிள்ளைகள் ஏன் பள்ளியில் இல்லை என்று ஒருமுறையேனும் கேட்டிருப்பர்?