நோயாளி குற்றவாளி அல்லன்

“சொன்னால் கேட்காத சனங்கள்!” நம் நாட்டு வைத்தியசாலைகளிலே ஏழை நோயாளிக்குச் சூட்டப்படும் முதற் பட்டம் இதுதான். குருதியிற் சீனி குறையவில்லையா? அவன் சொற்கேளாதவன். அழுத்தம் இறங்கவில்லையா? அவள் சொற்கேளாதவள். வெற்றிலையும் புகையிலையும் வாயைவிட்டு அகலவில்லையா? அவர்களுக்கு அறிவே இல்லை! இவ்வாறு தீர்ப்பளித்துவிட்டு அடுத்த பெயரைக் கூப்பிடுவது எளிது. நாம் கேட்கின்றோம்: சொன்னவர்கள் ஒருநாளேனும் கேட்டார்களா?

அமெரிக்க உளவியலாளர் வில்லியம் மில்லர், குடிப்பழக்கத்தால் துன்புறுவோரிடம் பேசும் முறையொன்றை 1983 இல் எழுத்தில் வகுத்தார். 1991 இல் ஸ்டீபன் ரோல்னிக்குடன் சேர்ந்து அதனை நூலாக்கினார். ஊக்க நேர்காணல் என்று அதனை அழைக்கலாம். மாறவேண்டும் என்ற விருப்பமும் மாற இயலாது என்ற தயக்கமும் ஒரே நெஞ்சிற் குடியிருக்கின்றன. “விட்டுவிடு” என்று வெளியார் வற்புறுத்தினால், உள்ளிருக்கும் தயக்கமே எழுந்து வாதாடத் தொடங்கும். மாறாக, ஆம், இல்லை என்று முடிந்துவிடாத வினாக்களைக் கேட்டு, விடையைச் செவிமடுத்து, விளங்கிக்கொண்டதைத் திருப்பிச் சொல்லி, சிறு முயற்சியையும் மதித்தால், மாற்றத்துக்கான நியாயத்தை நோயாளியே எடுத்துரைப்பான். பிறர் சொன்னதை மறப்பவனும் தான் சொன்னதை எளிதில் மறவான்.

“கிளினிக் நாளில் தாதிக்கு மூச்சுவிடவும் நேரமில்லை, இதற்கு எங்கே போவது?” என்பாரும் உளர். 72 ஆய்வுகளைத் தொகுத்து 2005 இல் வெளியான மதிப்பீடொன்றில், 15 நிமிட உரையாடல்களைச் சோதித்தவற்றுள் 64 சதவீதமானவை பயனைக் கண்டன. அந்தப் பதினைந்து நிமிடமும் இல்லையென்றால், அது தாதியின் குற்றமன்று. 2022 ஆம் ஆண்டின் பொருளாதார நெருக்கடிக்குப் பின் தாதியர் பலர் கடல் கடந்தனர். எஞ்சியோரின் முதுகில் இருவர் சுமையை ஏற்றிவிட்டு, “அன்பாகப் பேசுங்கள்” என்று பயிற்சிப் பட்டறை நடத்துவது கேலிக்கூத்து அன்றோ?

புத்தளத்துக் கரையோரத்தை எண்ணிப்பாருங்கள். கற்பிட்டியிலும் முந்தலிலும் உடப்பிலும் கடலையும் களப்பையும் நம்பி வாழ்வோர் பலர். புத்தளத்து உப்பளங்களில் வெயில் குடிப்போர் பலர். 1990 ஒக்ரோபரில் விடுதலைப் புலிகளால் வடக்கிலிருந்து விரட்டப்பட்ட முஸ்லிம் மக்களிற் பெரும்பகுதியினர் தஞ்சம் புகுந்ததும் இம்மாவட்டத்திலேயே. உப்பளத்துக் கூலிப்பெண்ணுக்கு “உப்பைக் குறை” என்று உபதேசிக்க அரை நிமிடம் போதும். தென்மேல் பருவக்காற்றிற் கடல் கொந்தளிக்கும் மாதங்களில் அவள் அடுப்பில் வேகும் கறி கருவாடுதான் என்பதை அறிய, கேட்டாக வேண்டும். கேட்ட பின்னரே, கருவாட்டை ஊறவைத்து நீரை வடித்துச் சமைக்க இயலுமா என்ற பேச்சுத் தொடங்கும். அந்த வழியை அவளே சொல்லவும் கூடும்.

ஆனால் எந்த மொழியிற் கேட்பது? 1956 இற் சிங்களம் மட்டும் என்றது சட்டம். 1987 இல் 13 ஆம் திருத்தம் தமிழையும் அரசகரும மொழியாக்கியது. ஏட்டில் ஏறிய மொழி நோயாளியின் கட்டிலருகே வந்து சேர்ந்துவிட்டதா? எத்தனை குளிசை என்பதை விரல்களாற் காட்டலாம், “எதை எண்ணி அஞ்சுகின்றீர்கள்?” என்பதை எந்த விரலாற் காட்டுவது? பாட்டியின் அந்தரங்க நோவைப் பேரப்பிள்ளை துபாஷியாக நின்று உரைப்பது மனிதத்தன்மையா? சிங்களத் தாதியை நாம் பழிக்கவில்லை. அவளுக்குத் தமிழைக் கற்பிக்காத அமைப்பையே பழிக்கின்றோம். சிலாபத்துச் சிங்கள மீனவரிடம் பேசவேண்டிய தமிழ்த் தாதிக்கும் சிங்களம் வேண்டும்.

இன்னோர் அபாயமும் உண்டு. நோய்க்கான பொறுப்பு முழுவதையும் தனிமனிதனின் மன உறுதிமேல் சுமத்த இம்முறையைக் கருவியாக்க முதலாளித்துவச் சமுதாயம் தயங்காது. நுரைச்சோலை அனல்மின் நிலையம் 2011 இல் மின்சாரம் வழங்கத் தொடங்கியது. நிலக்கரித் தூசையும் சாம்பலையும் பற்றி ஊரார் முறையிட்டு வந்துள்ளனர். இருமலோடு வருபவனிடம் சிகரெட்டைப் பற்றி மட்டும் விசாரித்துத் தூசைப் பற்றி வாய்திறவாத நேர்காணல், இனிமையாகப் பேசும் ஏமாற்றே. செவிமடுப்பது மெய்யானால், நோயாளி சொல்வது கிளினிக் கொப்பியோடு நின்றுவிடாமல் அதிகாரிகளின் மேசைக்கும் செல்லவேண்டும்.

ஆசிரியர்களே, மாணவர்களே! தாதியர் கல்லூரிகளில் இரு மொழியும் கட்டாயமாகட்டும், வெற்றிடங்கள் நிரப்பப்படட்டும், உரையாடலுக்கென நேரம் ஒதுக்கப்படட்டும். இலவச வைத்தியம் நம் மக்கள் வென்றெடுத்த உரிமை. அவ்வுரிமையுள் மருந்து மட்டுமன்று, தன் மொழியில், தலைநிமிர்ந்து, தன் வாழ்வைச் சொல்லும் உரிமையும் அடங்கும். அதனையும் வென்றெடுப்போம்.