கலர் படம் வந்துவிட்டால் கணக்கு சரியா?

பி.காம் படிக்கிறவனுக்கு இதில் என்ன வேலை என்று கேட்பீர்கள். நியாயம்தான். மெக்கானிக்கல் படிக்கும் நண்பனோடு ஒரு ராத்திரி முழுக்க கண் விழித்த பாவத்துக்காக எழுதுகிறேன்.

அவனுடைய ப்ராஜெக்ட் நம்ம மாத்தூர் தொட்டிப்பாலம். 1966ல் கட்டியது. பட்டணங்கால் தண்ணீரை பறளியாற்றுக்கு மேலே 115 அடி உயரத்தில் கொண்டுபோகிறது. தொட்டி 7 அடி உயரம், ஏழரை அடி அகலம். அதை சாலிட்வொர்க்ஸில் வரைந்து, ஃப்ளோ சிமுலேஷனில் தண்ணீர் ஓடவிட வேண்டும்.

வரைவது சுலபம். அப்புறம்தான் வேலை. எந்தத் திரவம், எங்கே நுழைகிறது, எவ்வளவு, எங்கே வெளியேறுகிறது, சுவர் எவ்வளவு சொரசொரப்பு என்று ஒவ்வொன்றாகச் சொல்ல வேண்டும். திறப்பு இருந்தால் மூடி போடு என்று மென்பொருள் கேட்டது. இவன் இரண்டு முனைக்கும் போட்டான், திறந்த மேல்பக்கத்துக்கும் போட்டான். ரன் கொடுத்தான். சிவப்பும் நீலமுமாய் படம் ஜோராக வந்தது.

"மக்கா, தொட்டிக்கு மேல மூடி கிடையாதுல்லா?" என்றேன்.

"ஒனக்கு எதுக்குடே இது... நீ டெபிட் கிரெடிட்டப் பாரு. உள்ள போனதும் வெளிய வந்ததும் டேலி ஆகுது பாத்தியா?"

அங்கேதான் எனக்குப் பொறி தட்டியது. மேஜை வாங்கிய பணத்தை கொள்முதல் கணக்கில் எழுதினாலும் இருப்பாய்வு டேலி ஆகும். விதிப்பிழை என்று பதினொன்றாம் வகுப்பிலேயே சொல்லித்தந்தார்கள். இதுவும் அதே ஜாதிப் பிழைதான். அந்த மூடியை மென்பொருள் நான்காவது சுவராக எடுத்துக்கொள்ளும். தண்ணீர் அதிலும் உரசும்.

மானிங் சூத்திரத்தை (1889ல் வந்தது, கால்குலேட்டர் போதும்) வைத்து இரண்டு பேரும் போட்டுப் பார்த்தோம். தொட்டி விளிம்பு வரை நிறைந்தால், திறந்த தொட்டியில் தண்ணீர் தொடும் சுற்றளவு 21.5 அடி, மூடினால் 29 அடி. அதே தண்ணீர் ஓட, மூடிய பெட்டிக்கு ஏறக்குறைய ஒன்றரை மடங்கு சரிவு வேண்டும். சின்ன வித்தியாசமா இது?

காற்றையும் தண்ணீரையும் சேர்த்துக் கொடுக்கும் வசதி அதிலேயே இருக்கிறது. நேரம் பிடிக்கும், அவ்வளவுதான். மாப்பிள்ளைக்குப் பொறுமை இல்லை. பழைய படத்தையே பைண்ட் பண்ணிக் கொடுத்தான்.

என் கட்சி இதுதான்: கையால் போட்ட ஒரு பக்கக் கணக்கு இல்லாமல் எந்தக் கல்லூரியும் இந்த மாதிரி ப்ராஜெக்டை வாங்கக் கூடாது. வவுச்சர் இல்லாத கணக்கை எந்த ஆடிட்டராவது ஒத்துக்கொள்வாரா?

வைவாவில் அவனிடம் கேட்டது ஒரே கேள்விதானாம்... சிவப்பு எதைக் காட்டுகிறது?