நடுக்கம் தின்னும் நினைவு

லிட்டில் அந்தமான் தீவின் ஹட் பேயில் தரை ஆடுவது புதிய செய்தியல்ல. அலமாரியில் எவர்சில்வர் டம்ளர்கள் ஒன்றோடொன்று உரசும். வாளித் தண்ணீரில் வளையம் வளையமாய்ச் சிற்றலை எழும். தகரக் கூரை கடகடத்து அடங்கும். சில விநாடிகள்தான். பிறகு அவரவர் வேலைக்குத் திரும்பிவிடுவார்கள். இந்தியப் புவித்தட்டு கிழக்கே இன்னொரு தட்டுக்கு அடியில் நழுவிக்கொண்டிருக்கும் விளிம்பில் அமைந்தவை அந்தமான் நிகோபார் தீவுகள். அந்த நழுவல் நிற்காதவரை சிறு நடுக்கங்களும் நிற்கப் போவதில்லை.

கவலைக்குரியது நடுக்கமல்ல, அது பழகிப்போவதுதான். எதுவும் நேராமல் அடங்கும் ஒவ்வொரு சிறு அதிர்வும் பெரிய அதிர்வின் நினைவிலிருந்து ஒரு துணுக்கைச் சுரண்டிக்கொண்டு போகிறது.

2004 டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை. காலை 6.28 மணியளவில் சுமத்ராவுக்கு அருகே கடலடி பிளந்தது. பிளவு வடக்கு நோக்கி ஏறத்தாழ 1,300 கி.மீ. ஓடி அந்தமான் வரை வந்தது. 9.1 அளவு கொண்ட அந்த நிலநடுக்கம் லிட்டில் அந்தமானையும் நிமிடக்கணக்கில் உலுக்கியது. நடுக்கத்துக்கும் அலைக்கும் நடுவே சிறிது நேரம் இருந்தது. அந்த அவகாசத்தின் பொருள் ஹட் பேயில் பலருக்குத் தெரியவில்லை. கிழக்கு வங்கத்திலிருந்து வந்து குடியேறியவர்கள், நிகோபாரிகள், தமிழர்கள், தெலுங்கர்கள், ராஞ்சிக்காரர்கள் என்று பல மண்ணின் மக்கள் சேர்ந்து வாழும் ஊர் அது. பெரும்பாலோர் 1960-களின் பிற்பகுதிக்குப் பின்னர் வந்தவர்கள். இந்தக் கடலைப் பற்றி அவர்களுக்குச் சொல்லிவைக்க ஒரு பாட்டனும் இங்கே இல்லை. ஜெட்டியும் கடைத்தெருவும் கரையோர வீடுகளும் சிதைந்தன, உயிர்களும் போயின.

அதே தீவின் வடகிழக்கே டுகாங் கிரீக்கில் ஓங்கே பழங்குடி மக்கள் இருந்தார்கள். நூறு பேர்கூட இல்லை. 2001 மக்கள்தொகைக் கணக்கின்படி 96 பேர். தரை ஆடியதும், கடல் விலகியதும் அவர்களுக்கு எதையோ சொல்லின. மேட்டுக் காட்டுக்குள் போனார்கள், உயிர் பிழைத்தார்கள். அவர்களிடம் சைரனோ தொலைபேசியோ இல்லை. மூத்தவர்கள் சொல்லிச் சொல்லி வந்த அறிவு மட்டும் இருந்தது.

இது ஓங்கேக்களுக்கு மட்டும் வாய்த்த வரமல்ல. நிலநடுக்க மையத்துக்கு மிக அருகில் இருந்த இந்தோனேசியத் தீவு சிமெலுவே. 1907-ல் அங்கே பெரும் அலை வந்து ஏராளமானோரை வாரிக்கொண்டு போனது. பிழைத்தவர்கள் அதற்கு ‘ஸ்மோங்’ என்று பெயர் வைத்து, பாட்டிலும் தாலாட்டிலும் சேர்த்துப் பேரப்பிள்ளைகளின் காதில் போட்டுவைத்தார்கள். 97 ஆண்டுகள் கழித்து அந்தச் சொல் கூவப்பட்டபோது தீவே மலையேறியது. ஏறத்தாழ 78,000 பேரில் இறந்தவர்கள் 7 பேர் என்கிறது பதிவு.

தமிழ்க் கரையை நினைத்தால் நெஞ்சு கனக்கிறது. நம்மிடமும் சொல் இருந்தது: கடல்கோள். காவிரிப்பூம்பட்டினத்தைக் கடல் கொண்ட செய்தியை மணிமேகலை சொல்கிறது. பழங்கதை என்று அதை ஒதுக்கினாலும், 1881 டிசம்பர் 31-ன் பதிவை ஒதுக்க முடியாது. அன்று கார் நிகோபார் அருகே பெரிய நிலநடுக்கம். எழுந்த அலையை நாகப்பட்டினத்திலும் சென்னையிலும் இருந்த அலையளவிகள் வரைந்து காட்டின. நாகப்பட்டினத்தில் அது ஒரு மீட்டரைத் தாண்டியது. அந்தப் பதிவுகளைத் தூசி தட்டி எடுத்து ஓர்டிஸ், பில்ஹாம் என்ற இரு ஆய்வாளர்கள் 2003-ல் கட்டுரை வெளியிட்டார்கள். அடுத்த ஆண்டே நாகை மாவட்டத்தில் சுமார் 6,000 பேர் மாண்டார்கள். பாடப்புத்தகமும் ஊர்ப்பேச்சும் அறியாத நினைவு, ஆய்விதழின் பக்கங்களில் கிடந்தது.

அந்தமானிலும் இதே கதைதான். 1941 ஜூன் 26-ல் வந்த பெரும் நிலநடுக்கம் செல்லுலார் சிறையையும் ராஸ் தீவையும் சேதப்படுத்தியது. மறு ஆண்டே ஜப்பானியப் படை வந்திறங்கியது. போரின் துயரம் நடுக்கத்தின் நினைவை மூடிவிட்டது.

அதிர்வும் ஒரே குரலில் பேசுவதில்லை. 1896-ல் ஜப்பானின் சன்ரிகு கரையில் உணரப்பட்டது மென்மையான, நீண்ட ஆட்டம்தான். யாரும் பொருட்படுத்தவில்லை. சுமார் அரை மணி நேரத்தில் வந்த அலைக்கு 22,000 பேர் பலியானார்கள். எவ்வளவு பலமாக ஆடுகிறது என்பதைவிட எவ்வளவு நேரம் ஆடுகிறது என்பதே முக்கியமான அறிகுறி. கடல் முதலில் பின்வாங்கியே தீரும் என்பதும் இல்லை. அதற்காகக் காத்து நிற்பது ஆபத்து.

ஹைதராபாதில் 2007 முதல் சுனாமி முன்னெச்சரிக்கை மையம் இயங்குகிறது. சென்னைக்கும் நாகைக்கும் அது பெரிய காவல், ஏனென்றால் அலை அங்கே போய்ச் சேர இரண்டு மணி நேரத்துக்கு மேல் ஆகும். ஹட் பேயின் நிலை வேறு. பிளவு காலடியிலேயே இருக்கிறது. மையத்தின் செய்தி வந்து, அதிகாரி படித்து, ஒலிபெருக்கி அலறும் முன் அலையே வந்துவிடலாம். இங்கே முதல் சைரன் தரைதான். அதைப் புரிந்துகொள்ளும் காது வேண்டும்.

அந்தக் காது மொழியில் இருக்கிறது. அந்தமானின் போ மொழியைக் கடைசியாகப் பேசிய போவா சீனியர் 2010 ஜனவரியில் இறந்தார். பூமி நடுங்கும்போது என்ன செய்ய வேண்டும் என்று மூத்தோர் சொல்லியிருந்ததை அவர் மொழியியலாளர் அன்விதா அப்பியிடம் நினைவுகூர்ந்திருக்கிறார். ஓங்கே மொழி இன்னும் உயிரோடு இருக்கிறது, ஆனால் அதன் குழந்தைகள் பள்ளியில் படிப்பது இந்தி. 2021-ல் வெளிவந்த நிதி ஆயோக்கின் லிட்டில் அந்தமான் திட்டமோ ஓங்கே காப்பகத்தின் ஒரு பகுதியையும் விடுவிக்கச் சொன்னது. காட்டை எடுத்துவிட்டால், எந்த மேட்டுக்கு ஓடுவது என்ற அறிவுக்கு இடமே இருக்காது.

ஹட் பே பள்ளிகளில் இன்று படிக்கும் எந்தப் பிள்ளையும் 2004-ல் பிறந்திருக்கவில்லை. அவர்களை ஆண்டுக்கு இருமுறையாவது ஜெட்டியில் நிறுத்தி, அங்கிருந்து மேட்டுக்கு நடக்கவைத்து, எத்தனை நிமிடம் ஆகிறதென்று அவர்களையே எழுதவைக்கலாம். இந்தியிலும் வங்காளத்திலும் தமிழிலும் நிகோபாரி மொழியிலும் பாட்டு கட்டலாம். 2004-ல் தண்ணீர் எதுவரை வந்தது என்பதைத் தெருவுக்குத் தெரு கல் நட்டுக் காட்டலாம். கடைத்தெருவில் நின்று கைநீட்டி அந்த இடத்தைக் காட்டக்கூடியவர்கள் இன்னும் ஊரில் இருக்கிறார்கள்.