பௌர்ணமி இளநீரும் டெல்லி பற்று நோட்டும்

எங்கள் திருவண்ணாமலைக்குப் பணவீக்கம் மாதம் ஒருமுறை வரும். பௌர்ணமி அன்று சாயங்காலம் பஸ்ஸில் வந்து இறங்கும். மறுநாள் காலை பஸ் ஏறி ஊர் திரும்பிவிடும்.

போன பௌர்ணமிக்கு என் காலேஜ் சிநேகிதனோடு கிரிவலம் போனேன். இருவரும் ஒரே பெஞ்ச், ஒரே பி.காம். அவன் சர்வீஸ் கமிஷன் எழுதி அரசாங்க ஆபீசுக்குப் போனான். நான் இப்படி எழுத வந்துவிட்டேன். நிருதி லிங்கம் தாண்டியதும் நாக்கு வறண்டது. இளநீர்க்காரர் விலை சொன்னதும் சிநேகிதன் அதிர்ந்து போனான்.

"என்னண்ணே, நேத்து இதுல பாதிதானே?"

"நேத்து நீ ஒரு ஆளு தம்பி. இன்னிக்குப் பின்னாடி திரும்பிப் பாரு!" என்று அரிவாளால் கூட்டத்தைக் காட்டினார் அவர்.

மூன்று வருஷமும் (அரியர்ஸ் ஒரு வருஷம் தனி) நான் படித்த பொருளாதாரத்தை மனிதர் ஒரே வரியில் முடித்துவிட்டார். காய் அதேதான், துரத்துகிற காசுதான் கூட.

"இதையெல்லாம் கவர்ன்மென்ட்டு தட்டிக் கேக்கணும்டா" என்றான் சிநேகிதன்.

"சில சமயம் அந்தக் கூட்டமே கவர்ன்மென்ட்டுதான்டா" என்றேன். முறைத்தான். மீதி தூரம் முழுக்க அவனுக்குச் சொன்னதைத்தான் உங்களுக்கும் சொல்கிறேன். நீங்கள் நடக்க வேண்டாம்.

எங்கள் தெரு அண்ணாச்சி கடையில் வீட்டுக்கு வீடு பற்று நோட்டு உண்டு. "எழுதிக்குங்க அண்ணாச்சி" என்றால் பருப்பு வரும். ஒன்றாம் தேதி கணக்குத் தீர்க்காவிட்டால் இரண்டாம் தேதி அண்ணாச்சியின் முகம் மாறும். எங்கள் வீட்டு பட்ஜெட்டைக் கட்டுக்குள் வைத்திருப்பது அந்த முகம்தான்.

டெல்லியிலும் ஒரு பற்று நோட்டு இருந்தது. 1955-ல் மத்திய அரசும் ரிசர்வ் வங்கியும் பேசி வைத்துக்கொண்ட ஏற்பாடு. வெள்ளிக்கிழமை கணக்கு முடிக்கும்போது அரசின் இருப்பு 50 கோடி ரூபாய்க்குக் கீழே போனால், 'அட்ஹாக் டிரஷரி பில்' என்ற 91 நாள் சீட்டு ஒன்று தானாகப் பிறக்கும். ரிசர்வ் வங்கி அதை வாங்கிக்கொண்டு அரசு கணக்கில் பணத்தை வரவு வைக்கும். அந்தப் பணம் யாருடைய சேமிப்பும் இல்லை. அந்த நிமிஷம் உண்டான புதுப் பணம். 91 நாள் ஆனதும்? இன்னொரு சீட்டு!

முகமே மாறாத அண்ணாச்சி கிடைத்தால் யார்தான் கணக்குப் பார்ப்பார்கள்?

அரசு வரி போட்டாலோ, ஜனங்களிடம் கடன் வாங்கினாலோ என் பையிலிருக்கும் காசு அதன் பைக்குப் போகிறது. நான் குடிக்க வேண்டிய இளநீரை அது குடிக்கிறது. கூட்டம் கூடவில்லை. ஆனால் சீட்டெழுதி வாங்கிய பணம் புதிதாக வந்து நிற்கிற ஆள். காய் கூடாமல் ஆள் மட்டும் கூடினால் விலை ஏறும். இந்த ஆள் மறுநாள் பஸ் ஏறுவதும் இல்லை.

எண்பதுகளில் செலவு வரவைத் தாண்டி ஓடியது. 1991-ல் தங்கத்தை வெளிநாட்டில் அடகு வைத்தோம். அந்த ஆகஸ்டில் மொத்த விலை ஏற்றம் 16 சதவீதத்தைத் தாண்டியது. வளைகுடாப் போருக்கும் ரூபாய் மதிப்புக் குறைப்புக்கும் அதில் பங்கு உண்டு. பற்று நோட்டுக்கும் உண்டு.

1994 செப்டம்பரில், மன்மோகன் சிங் நிதியமைச்சர், சி.ரங்கராஜன் ரிசர்வ் வங்கி கவர்னர் என்று இருந்தபோது ஒப்பந்தம் போட்டார்கள். சீட்டுக்கு முதலில் உச்சவரம்பு, பிறகு முழுக்கு. 1997 ஏப்ரல் 1-ம் தேதி நோட்டு மூடப்பட்டது. முட்டாள்கள் தினத்தில் நடந்த புத்திசாலிக் காரியம்! அதற்குப் பதிலாக வந்தது, வரம்புக்கு உட்பட்டு, கெடுவுக்குள் திருப்பித் தர வேண்டிய கைமாற்று.

மூடாவிட்டால் என்ன ஆகும்? ராமேஸ்வரத்துக்கு அந்தப் பக்கம் பாருங்கள். 2019 டிசம்பரில் இலங்கை மதிப்புக் கூட்டு வரியை 15-லிருந்து 8 சதவீதமாகக் குறைத்தது. எல்லோருக்கும் சந்தோஷம். வருமானம் சரிந்தது, கொரோனாவில் டூரிஸ்ட்டும் போனான், மத்திய வங்கி பணத்தை அச்சடித்தது. டாலர் தட்டுப்பாடும் சேர்ந்துகொள்ள, 2022 செப்டம்பரில் கொழும்பில் விலைவாசி ஒரே வருஷத்தில் சுமார் 70 சதவீதம் ஏறியிருந்தது. 2023-ல்தான் அங்கே அந்த நோட்டை மூடச் சட்டம் வந்தது.

"நிறுத்துடா. கொரோனா வருஷம் நம்ம பட்ஜெட்லயும்தான் பெரிய துண்டு விழுந்துச்சு. எழுபது ஆகலையே?" என்று மடக்கினான்.

நல்ல கேள்வி. 2020-21-ல் மத்திய அரசின் பற்றாக்குறை நாட்டின் மொத்த உற்பத்தியில் 9 சதவீதத்துக்கும் மேல். ஆனால் அந்த வருஷம் கிரிவலத்துக்கே தடை, ஞாபகம் இருக்கிறதா? ரோடு காலி, கடை காலி. வாங்க ஆளில்லாத இடத்தில் அரசு வந்து வாங்கினால் விலை அவ்வளவு துள்ளாது. துண்டும் பெரும்பாலும் சந்தைக் கடனால் அடைக்கப்பட்டது. துண்டு விழுந்ததா என்பது பாதிக் கேள்வி. எதை வைத்து அடைத்தார்கள் என்பதுதான் மீதி.

"எப்படியோ போகட்டும், எனக்கு அகவிலைப்படி ஏறிடும்" என்றான் நிம்மதியாக.

எனக்கு? என் அப்பாவுக்கு? தனியார் கம்பெனியில் கணக்கெழுதி ரிட்டயர் ஆனவர். பென்ஷன் இல்லை, கைக்கு வந்த மொத்தமும் பாங்க் டெபாசிட்டில். "வட்டி எவ்வளவுடா தராங்க?" என்று மட்டும் கேட்பார். விலை வருஷத்துக்கு 12 சதவீதம் ஏறினால் 72-ஐ 12-ஆல் வகுங்கள்: ஆறே வருஷத்தில் அவர் பணத்தின் மதிப்பு பாதி. 4 சதவீதம் என்றால் பதினெட்டு வருஷம். 2016 முதல் ரிசர்வ் வங்கிக்குக் கொடுத்திருக்கும் இலக்கு அந்த நாலுதான். பாஸ்புக்கில் ஒரு பைசா குறையாது. எந்தச் சட்டசபையும் இந்த வரிக்குக் கை தூக்குவதில்லை. ஆனாலும் வசூல் ஆகிவிடும், அதுவும் அகவிலைப்படி இல்லாதவனிடம்.

குபேர லிங்கம் வந்தது. ஏகக் கூட்டம். எல்லோரும் பணம் வேண்டிக் கும்பிட்டார்கள்.

"குபேரன் இத்தனை பேருக்கும் இன்னிக்கு ராத்திரியே கொடுத்துட்டா?" என்றேன்.

சிநேகிதன் கொஞ்சம் யோசித்தான். "காலைல இட்லி நூறு ரூபாடா!"

பாஸாகிவிட்டான்.

ஆசிரியர் கவனத்துக்கு: வருகிற ஒன்றாம் தேதி அண்ணாச்சிக்கு நான் கணக்குத் தீர்க்க வேண்டும். சீட்டு எழுதிக் கொடுத்தால் வாங்க மாட்டார்.