ஆகஸ்ட் 5 அன்று கூடுவோம், தோழர்களே!

ஆகஸ்ட் 5-க்கு அதிக நாள் இல்லை. 1906-இல் அந்த நாளில்தான் பாரசீக மக்கள் தங்கள் ஷாவின் கையிலிருந்து அரசியல் சட்டத்துக்கான ஆணையைப் பிடுங்கினார்கள். இந்த ஆண்டு அந்த நாளில் நம் கிளை ஒவ்வொன்றிலும் கூட்டம் நடந்தாக வேண்டும். சந்தா வசூல் பாக்கி, மாநாட்டு வேலை என்று தள்ளிப் போடாதீர்கள். ஏன் இவ்வளவு அவசரப்படுத்துகிறேன் என்று சொல்கிறேன்.

சென்ற வாரம் நம் படிப்பு வட்டத்தில் ஈரானைப் பற்றிப் பேச்சு வந்தது. இரண்டு மணி நேரம் பேசினோம். ஒரு தோழர் மாஸ்கோ என்றார். இன்னொருவர் பெய்ஜிங் என்றார். வாஷிங்டனை எதிர்க்கிற எவரும் நமக்கு நண்பர்தான் என்றார் மூன்றாமவர். கடைசி வரிசையில் புதிதாகச் சேர்ந்த ஒரு பெண் தோழர் உட்கார்ந்திருந்தார். எழுந்து, "இவ்வளவு நேரம் பேசினீங்களே தோழர், அந்த ஊரு ஜனங்க என்ன கேக்கறாங்கன்னு ஒருத்தரும் சொல்லலியே" என்றார். யாரிடமும் பதில் இல்லை. என்னிடமும் இல்லை. வீட்டுக்கு வந்தும் தூக்கம் பிடிக்கவில்லை. அந்தக் கேள்விக்கு அன்றே சொல்லியிருக்க வேண்டிய பதிலை இப்போது எழுதுகிறேன்.

அன்று பாரசீகம் என்று அழைக்கப்பட்ட ஈரானை எந்த ஐரோப்பிய வல்லரசும் முழுதாகப் பிடித்து ஆளவில்லை. வடக்கே ஜார் மன்னன், தெற்கே வளைகுடாவிலும் கிழக்கே இந்தியாவிலும் பிரிட்டன். ஒருவர் விழுங்க வந்தால் மற்றவர் விடமாட்டார். அந்த இழுபறியில்தான் ஷாக்கள் பிழைத்தார்கள். இவரிடம் ஒரு கடன், அவருக்கு ஒரு சலுகை. 1890-இல் நாட்டின் புகையிலை வியாபாரம் முழுவதையும் ஆண்டுக்கு 15,000 பவுனுக்கும் லாபத்தில் கால் பங்குக்கும் ஓர் ஆங்கிலேயருக்கு 50 ஆண்டுகளுக்கு எழுதிக் கொடுத்தார் நாசிருத்தீன் ஷா. மக்கள் ஹுக்காவைக் கீழே வைத்துவிட்டார்கள். ஷாவின் அந்தப்புரத்துப் பெண்களே புகைக்க மறுத்தார்கள். ஒப்பந்தம் ரத்தானது. ஆனால் நஷ்டஈடு 5 லட்சம் பவுன்! அதைக் கட்ட பிரிட்டிஷ் வங்கியிடமே கடன். பிறகு 1900-இலும் 1902-இலும் ரஷ்யாவிடம் கடன். சுங்க வருமானத்தை ஈடாக வைத்தார்கள். அந்தக் கடனில்தான் அடுத்த ஷா, முஸஃபருத்தீன், ஐரோப்பா சுற்றினார். 1901-இல் எண்ணெய் எடுக்கும் உரிமை 60 ஆண்டுகளுக்கு டார்சி என்பவருக்குப் போனது.

பொறி பற்றியது சர்க்கரையில். ரஷ்யாவுக்கும் ஜப்பானுக்கும் போர் மூண்டு, சரக்கு வராமல், தெஹ்ரானில் சர்க்கரை விலை ஏறியது. 1905 டிசம்பரில் நகர ஆளுநர் சர்க்கரை வியாபாரிகளைப் பிடித்து வந்து உள்ளங்காலில் பிரம்படி கொடுத்தார். அடி வாங்கியவர்களில் ஒருவர் ஊரே மதித்த முதியவர். மறுநாள் கடைத்தெரு மூடியது. எங்கோ தூர தேசத்தில் இரண்டு சாம்ராஜ்யங்கள் மோதின. அடி விழுந்தது தெஹ்ரான் கிழவரின் காலில். இந்தக் காட்சியை மனதில் வைத்துக்கொள்ளுங்கள் தோழர்களே. வல்லரசுப் போட்டி என்றால் என்னவென்று இளம் தோழர்களுக்கு விளக்க எனக்கு இதைவிட நல்ல பாடம் கிடைக்கவில்லை.

1906 ஜூலையில் மக்கள் அடைக்கலம் தேடி பிரிட்டிஷ் தூதரகத் தோட்டத்துக்குள் புகுந்தார்கள். முதலில் சில வியாபாரிகள், பிறகு நூறு, ஆயிரம் என்று ஏறி, கடைசியில் 12,000 பேருக்கு மேல். தோட்டம் முழுக்கக் கூடாரம். துணி வியாபாரிகளுக்கு மட்டுமல்ல. செருப்புத் தைப்பவர்களுக்கு ஒன்று, அக்ரூட் விற்பவர்களுக்கு ஒன்று, பாத்திரத்துக்கு ஒட்டுப் போடுபவர்களுக்கு ஒன்று. பெரிய பெரிய அண்டாக்களில் சோறு வெந்தது. கல்லூரி மாணவர்கள் கூடாரம் கூடாரமாகப் போய், அரசியல் சட்டம் என்றால் என்ன, வரி போட யாருக்கு உரிமை என்று பாடம் நடத்தினார்கள். எழுதப் படிக்கத் தெரியாத தொழிலாளி அந்த மூன்று வாரத்தில் மஷ்ரூதா என்ற சொல்லைக் கற்றுக்கொண்டார். சட்டத்துக்குக் கட்டுப்பட்ட ஆட்சி என்று பொருள். ஆகஸ்ட் 5 அன்று ஷா பணிந்தார். அக்டோபரில் மஜ்லிஸ் என்ற நாடாளுமன்றம் கூடியது. டிசம்பர் 30 அன்று, சாகக் கிடந்த ஷா அரசியல் சட்டத்தில் கையெழுத்திட்டார்.

அந்த மஜ்லிஸ் செய்த முதல் காரியங்களில் ஒன்று, புதிய அந்நியக் கடனை மறுத்தது. சொந்தமாகத் தேசிய வங்கி தொடங்குவோம் என்றார்கள். பெண்கள் கழுத்திலும் காதிலும் கிடந்ததைக் கழற்றிக் கொடுத்தார்கள். பணம் போதவில்லை, வங்கி எழவில்லை. ஆனால் அந்த ஊர் ஜனங்கள் என்ன கேட்டார்கள் என்பது அந்த நகைகளில் இருக்கிறது தோழர். எங்கள் வரவு செலவை நாங்கள் பார்க்கிறோம், எங்கள் ஷாவும் சட்டத்துக்குக் கட்டுப்படட்டும், எந்த அந்நியனும் எங்கள் வாசலில் நிற்க வேண்டாம். மூன்றையும் சேர்த்தே கேட்டார்கள். ஒன்றை விட்டு ஒன்றைக் கேட்கவில்லை.

ஊர் இரண்டுபட்டால் கூத்தாடிக்குக் கொண்டாட்டம் என்பார்கள். கூத்தாடிகள் இரண்டுபட்டால் ஊருக்குக் கொண்டாட்டம் என்று நம்பியவர்கள் பாரசீகத்தில் பலர் இருந்தார்கள். ஜாருக்கு எதிராக லண்டன் நமக்குத் துணை நிற்கும் என்று நினைத்தார்கள். தோட்டத்தில் இடம் கொடுத்தவர்கள் அல்லவா! 1907 ஆகஸ்ட் 31 அன்று செயின்ட் பீட்டர்ஸ்பர்க்கில் பிரிட்டனும் ரஷ்யாவும் கையெழுத்திட்டன. ஜப்பானிடம் தோற்று இளைத்திருந்த ரஷ்யாவும், ஜெர்மனியைக் கண்டு கவலைப்பட்ட பிரிட்டனும் பழைய பகையை ஓரம் கட்டின. தெஹ்ரான், தப்ரீஸ், இஸ்ஃபஹான் உள்ளிட்ட வடக்கு ரஷ்யாவுக்கு. கெர்மானும் பந்தர் அப்பாஸும் அடங்கிய தென்கிழக்கு பிரிட்டனுக்கு. நடுவில் ஒரு பொதுத் துண்டு. வீட்டுக்காரனைக் கேட்காமல் இரண்டு அந்நியர்கள் எழுதிக்கொண்ட பாகப்பத்திரம் அது. அதன் முதல் வரிகளிலேயே பாரசீகத்தின் சுதந்திரத்தை மதிப்பதாக உறுதி சொன்னார்கள்.

சண்டை போட்டுக்கொண்டிருந்தவரை நாட்டைப் பிய்த்தார்கள், சமாதானமானதும் பங்கு போட்டார்கள். படிப்பு வட்டத்தில் மாஸ்கோ என்றும் பெய்ஜிங் என்றும் சொன்ன தோழர்களிடம் கேட்கிறேன்: நாளை அந்தத் தலைநகரமும் வாஷிங்டனும் ஒரு மேசையில் உட்கார்ந்து கையெழுத்துப் போட்டால் நீங்கள் எங்கே போய் நிற்பீர்கள்?

1908 ஜூன் 23. புது ஷா முகமது அலியின் கட்டளையில், ரஷ்ய கர்னல் லியாகோவின் தலைமையில், கொசாக் படை மஜ்லிஸ் கட்டடத்தை பீரங்கியால் தகர்த்தது. மறுநாள் 'சூரே இஸ்ராஃபீல்' பத்திரிகையின் ஆசிரியர் ஜஹாங்கீர் கானைக் கழுத்தை நெரித்துக் கொன்றார்கள். அதே ஜூன் 24 அன்றுதான் பம்பாயில் திலகரைக் கைது செய்தார்கள். இரண்டு வாரத்தில், ஜூலை 7 அன்று, திருநெல்வேலியில் வ.உ.சி.க்கு ஆயுள் தண்டனை. தெஹ்ரானில் ஜாரின் கையாளைத் தடுக்காமல் நின்றதும், இங்கே விலங்கு பூட்டியதும் ஒரே லண்டன்.

மஜ்லிஸ் விழுந்ததும் மற்ற நகரங்கள் அடங்கின. தப்ரீஸ் அடங்கவில்லை. அங்கே அஞ்சுமன் என்ற மக்கள் சபை இருந்தது. அந்தச் சொல் நம் ஊரிலும் இருப்பதால் விளக்க வேண்டியதில்லை. ஷாவின் படை உள்ளே வந்தபோது பல தெருக்களில் வீட்டு வாசலில் வெள்ளைக்கொடி ஏறிவிட்டது. அமீர்கீஸ் பேட்டையில் சத்தார் கான் என்ற குதிரை வியாபாரி விரல்விட்டு எண்ணக்கூடிய ஆட்களோடு வெளியே வந்தார். படித்தவர் அல்ல. தெருத் தெருவாகப் போய் அந்த வெள்ளைக்கொடிகளை இறக்கினார். மாலைக்குள் ஊர் மறுபடி துப்பாக்கியை எடுத்தது. கொத்தனாராக இருந்த பாகர் கானும் சேர்ந்தார். பாகுவிலிருந்தும் திஃப்லிஸிலிருந்தும் தொழிலாளர் தோழர்கள் எல்லை தாண்டி வந்து பதுங்குகுழியில் நின்றார்கள். ஜாரின் குடிமக்கள், ஜாரின் கூட்டாளிக்கு எதிராக. அமெரிக்கப் பள்ளி ஆசிரியர் ஹோவர்டு பாஸ்கர்வில், 24 வயது, வேலையை விட்டு, மாணவர்களோடு துப்பாக்கி தூக்கி, 1909 ஏப்ரலில் முற்றுகையை உடைக்கப் போன இடத்தில் விழுந்தார். ஊரில் அப்போது மக்கள் புல்லைத் தின்றுகொண்டிருந்தார்கள். அந்த மாதக் கடைசியில் பிரிட்டனின் சம்மதத்தோடு ரஷ்யப் படை தப்ரீஸுக்குள் நுழைந்தது. பசித்தவர்களுக்கு உணவு வழி திறக்க வருகிறோம் என்றார்கள். ஆடு நனைகிறதே என்று ஓநாய் அழுதது. உணவுக்காக வந்த படை வருடக்கணக்கில் திரும்பவில்லை.

ஆனாலும் தப்ரீஸ் வாங்கிக் கொடுத்த பத்து மாத அவகாசம் வீண்போகவில்லை. வடக்கே கீலானிலிருந்தும் தெற்கே பக்தியாரி மலைகளிலிருந்தும் படைகள் கிளம்பி 1909 ஜூலையில் தெஹ்ரானைப் பிடித்தன. ஷா ரஷ்யத் தூதரகத்தில் ஒளிந்தார், முடி இழந்தார். மஜ்லிஸ் மறுபடி கூடியது.

நம்மவர்கள் செய்த தவறையும் மறைக்காமல் சொல்ல வேண்டும். 1910 ஆகஸ்டில் புதிய அரசே சத்தார் கானின் ஆட்களிடமிருந்து ஆயுதத்தைப் பறிக்கப் படை அனுப்பியது. தெஹ்ரானில் அத்தாபக் தோட்டத்தில் சுற்றி வளைத்துச் சுட்டார்கள். சத்தார் கானின் காலில் குண்டு பாய்ந்தது. சுட்டவர்களில் நேற்றுவரை அவர் பக்கம் போராடியவர்கள் இருந்தார்கள். அரசியல் சட்டத்தைக் காப்பாற்றியவரை அரசியல் சட்ட அரசே முடமாக்கியது. மிதவாதி, ஜனநாயகவாதி என்று தங்களுக்குள் கொலை வரை போன சண்டையின் விலை அது. அடுத்த ஆண்டு ஆபத்து வந்தபோது வெள்ளைக்கொடியை இறக்க தெஹ்ரானில் ஆள் இல்லை.

ஆபத்து வந்தது 1911 நவம்பர் 29 அன்று. நிதியைச் சீர்படுத்த மஜ்லிஸ் அமெரிக்கர் மார்கன் ஷூஸ்டரை அமர்த்தியிருந்தது. அவர் வரி கட்டாதவர்களிடம் வரி கேட்டார், பழைய ஷாவின் தம்பியின் சொத்தை அரசு ஆணைப்படி கைப்பற்றினார். ரஷ்யா இறுதி எச்சரிக்கை கொடுத்தது: ஷூஸ்டரை நீக்கு, ரஷ்யா, பிரிட்டன் இரண்டும் சம்மதிக்காமல் வெளிநாட்டார் யாரையும் வேலைக்கு வைக்காதே, எங்கள் படை வந்த செலவையும் நீயே கொடு. கெடு 48 மணி நேரம். டிசம்பர் 1 அன்று, கெடு முடியும் முன், மஜ்லிஸ் மறுத்தது. சில நாட்களில் முந்நூறு பெண்கள் முக்காட்டோடு மஜ்லிஸுக்குப் போனதையும், சிலர் உடைக்குள் கைத்துப்பாக்கி வைத்திருந்ததையும் ஷூஸ்டர் எழுதி வைத்திருக்கிறார். உறுப்பினர்கள் பணிந்தால் புருஷனையும் பிள்ளையையும் கொன்று தாங்களும் சாவோம் என்றார்களாம்.

உறுப்பினர்கள் பணியவில்லை. டிசம்பர் 24 அன்று சொந்த அமைச்சரவையே மஜ்லிஸின் கதவைப் பூட்டியது. அடுத்த வாரம், ஆஷுரா நாளில், தப்ரீஸின் மார்க்க அறிஞர் சிகத்துல் இஸ்லாமை ரஷ்யர்கள் தூக்கிலிட்டார்கள். ரஷ்யப் படை மீது குற்றமில்லை என்று எழுதிய தாளில் கையெழுத்துப் போட மறுத்தவர் அவர்.

லண்டன் அப்போது என்ன செய்தது? தெற்கே ஷிராஸுக்குக் குதிரைப்படை அனுப்பியது. அது இந்தியக் குதிரைப்படை. தோழர்களே, இது நமக்குச் சுட வேண்டும். அடிமை நாட்டின் பிள்ளைகளை இன்னொரு நாட்டை அடிமையாக்க ஏற்றி அனுப்பினார்கள். நம் குரல் அன்று எழுந்திருக்க வேண்டிய அளவு எழவில்லை. பிரிட்டனுக்குள்ளேயே கேம்பிரிட்ஜ் பேராசிரியர் எட்வர்டு பிரவுன் போன்ற சிலர் குழு சேர்ந்து தங்கள் அரசுக்கு எதிராகக் கத்தினார்கள். அவர்களுக்கு இருந்த துணிவு நமக்கும் வேண்டும்.

அதற்குப் பிறகு வந்ததை நீங்கள் அறிவீர்கள். 1914-இல், டார்சியின் உரிமையில் எழுந்த எண்ணெய் கம்பெனியின் பெரும்பங்கை பிரிட்டிஷ் அரசே வாங்கியது. அந்த எண்ணெயை நாட்டுடைமையாக்கிய பிரதமர் மொசாதேக்கை 1953 ஆகஸ்டில் லண்டனும் வாஷிங்டனும் சேர்ந்து கவிழ்த்தன. இன்று அந்நியக் குண்டு விழுந்ததும் அதே மண்தான். தலைமுடியைக் காட்டியதற்காக மகளைப் பறிகொடுத்து 2022-இல் தெருவுக்கு வந்தவர்களைச் சுட்டது அந்நியன் அல்ல, சொந்த அரசு. குண்டு போடுபவனைக் கண்டிக்கும்போது சிறை வைப்பவனை மறந்துவிடாதீர்கள். சிறை வைப்பவனைக் கண்டிக்கிறேன் என்று குண்டு போடுபவனுக்குக் கொடி பிடிக்காதீர்கள்.

எந்தத் தலைநகரமும் நம் பக்கம் அல்ல. தூதரகத் தோட்டத்தில் கூடாரம் அடித்த செருப்புத் தொழிலாளி நம் பக்கம், நகையைக் கழற்றிய பெண் நம் பக்கம், வெள்ளைக்கொடியை இறக்கியவர் நம் பக்கம்.

ஆகவே கேட்கிறேன். ஆகஸ்ட் 5 மாலை, மண்டபம் தேட வேண்டாம், ஒலிபெருக்கி வேண்டாம். டீக்கடை முன்பு பத்துப் பேர் நின்றாலும் போதும். சத்தார் கானின் கதையை ஒரு தோழர் சொல்லட்டும். அன்று பேசப்போகிறவர் பெயரை இந்த மாத இறுதிக்குள் ஒவ்வொரு கிளைச் செயலாளரும் எழுதி அனுப்புங்கள். எங்கள் கிளையில் பேசப்போவது, அந்தக் கேள்வியைக் கேட்ட கடைசி வரிசைத் தோழர்.