பத்து விழுக்காடு வெளிச்சமும் ஒரு மில்லிமீட்டர் நீரும்

மே மாதச் செயற்கைக்கோள் படம் ஒன்றை எடுத்து வைத்துக்கொண்டு ஸ்ரீவில்லிபுத்தூரையும் ராஜபாளையத்தையும் தேடிப் பாருங்கள். மேற்கே செண்பகத்தோப்பு அடிவாரத்தில் ஓடைகளை ஒட்டி அடர்ந்த கரும்பச்சை. கிழக்கே வர வர நிறம் வெளிறும். தரிசு, செவக்காடு, உழுது போட்ட புழுதி, மில்களின் ஷீட் கூரை, நடுநடுவே கரிசல். இதில் வெயிலை அதிகம் விழுங்குவது ஓடைக்கரைக் காடும் கரிசலும். அதே நாளின் வெப்பப் படத்தைப் பக்கத்தில் வைத்தால் இந்த இரண்டும் எதிரெதிர்த் திசைக்குப் போய்விடும். கரிசல் கொதிக்கும், காடு அந்த வட்டாரத்திலேயே குளிர்ந்த இடமாக நிற்கும். கரிசலைவிட வெளுத்த செவலும் காட்டைவிடச் சூடாகத்தான் இருக்கும்.

கறுப்பு சூடேறும், வெள்ளை குளிரும் என்ற பள்ளிப் பாடம் தவறு என்று சொல்ல வரவில்லை. ஆனால் இப்போது நம் துறையில் அந்தப் பாடம் மட்டுமே கொள்கையாக மாறிக்கொண்டிருக்கிறது. வெண்கூரைத் திட்டம், மரம் நடும் திட்டம், சூரிய மின் பூங்கா, சீமைக் கருவேலம் அகற்றல் என எதற்கு அறிக்கை எழுதினாலும் ஆல்பிடோவுக்கு (விழும் ஒளியில் ஒரு பரப்பு திருப்பி அனுப்பும் பங்கு) ஒரு பத்தி, அதில் ஏதோ ஒரு பாடநூல் அட்டவணையிலிருந்து எடுத்த ஓர் எண், அதிலிருந்து நேராக ஒரு வெப்பநிலை முடிவு. நிலத்தின் நிறத்தை நீரிலிருந்து பிரித்துப் படிக்கக் கூடாது என்பதே இந்த இதழின் ஆசிரியர் குழு சொல்ல விரும்புவது. அதற்குச் செண்பகத்தோப்பைவிடத் தோதான இடம் கிடையாது.

கணக்கு எளிது. இந்தப் பக்கத்தில் மே மாதத்தில் ஒரு சதுர மீட்டர் நிலத்தில் விழும் சூரிய ஆற்றலைப் பகல் இரவு சேர்த்துச் சராசரி எடுத்தால் ஏறத்தாழ 250 வாட் என்று வைத்துக்கொள்ளலாம். பசுமை மாறாக் காட்டின் ஆல்பிடோ 0.13 அளவில் இருக்கும். காய்ந்த செவல் தரிசுக்கு 0.23 என்று கொள்வோம். வித்தியாசம் 0.10. அதாவது காடு கூடுதலாக உறிஞ்சுவது சதுர மீட்டருக்கு 25 வாட். இனி நீர்ப் பக்கம் வாருங்கள். ஒரு நாளில் ஒரு மில்லிமீட்டர் நீர் ஆவியாக வேண்டுமானால் சதுர மீட்டருக்கு 2.45 மெகாஜூல் வெப்பம் வேண்டும். அதை நாள் முழுக்கப் பரப்பினால் 28 வாட். காடு தன் நிறத்தால் வாங்கிக்கொண்ட அத்தனை வெப்பத்தையும் ஒரே ஒரு மில்லிமீட்டர் ஆவியாதல் கழித்துவிடுகிறது. வேருக்கு ஈரம் எட்டுகிற காடு நாளொன்றுக்கு மூன்று, நான்கு மில்லிமீட்டர் வரை நீரை வெளியேற்றும். மே மாதத் தரிசு வெளியேற்றுவது பூஜ்யத்தை ஒட்டியே.

இதோடு உருவமும் சேர்கிறது. செண்பகத்தோப்பு ஓடைக்கரைகளில் மாவும் புளியும் மருதும் கிளை கோத்து நிற்கும். நரை அணில் தரையில் இறங்காமலே மரம் விட்டு மரம் தாவிப் போகும் அளவுக்கு. அந்த அணிலுக்காகத்தான் 1988-இல் இங்கே சரணாலயம் அறிவித்தார்கள். 2021-இல் மேகமலையோடு சேர்த்து அது புலிகள் காப்பகமானது. அணிலுக்கு வழி விடும் அந்த மேற்கவிகை வெயிலுக்குப் பொறி. ஓர் இலையில் பட்டுத் தெறிக்கும் ஒளி வானத்துக்குத் திரும்பாமல் அடுத்த இலையில் சிக்குகிறது, ஆல்பிடோ குறைகிறது. அதே மேடு பள்ளமான மேற்பரப்பு காற்றைக் கலக்கி வெப்பத்தையும் நீராவியையும் மேலே தூக்கி விடுகிறது. அதனால் இலையின் வெப்பநிலை காற்றின் வெப்பநிலையை விட்டு அதிகம் விலகுவதில்லை. தட்டையான தரிசுக்கு அந்த வசதி இல்லை. வாங்கிய வெப்பத்தை அது தனக்குள்ளேயே வைத்துக் காய்கிறது.

காடு என்று ஒரே சொல்லில் முடித்துவிடவும் கூடாது. ஓடையை விட்டுச் சரிவில் ஏறினால் இலையுதிர் காடு. மாசி, பங்குனியில் அது மொட்டையாக நிற்கும், அடியில் புல் வைக்கோல் நிறத்துக்கு மாறியிருக்கும். அப்போது அதன் ஆல்பிடோ உயரும், ஆவியாதல் சரியும், சரிவு சூடேறும். ஒரு காட்டுத்தீ போய்விட்டால் அதே சரிவு கரிப்பிடித்து 0.10-க்கும் கீழே இறங்கிவிடும். குளிரூட்ட இலையும் இருக்காது. ஐப்பசியில் வடகிழக்குப் பருவமழை பிடித்ததும் எல்லாமே மாறும். ஒரே சரிவுக்கு ஆண்டில் மூன்று நான்கு முகம் இருக்க, "காடு: 0.15" என்று ஆண்டு முழுமைக்கும் எழுதுவது எதற்கும் உதவாது.

கரிசலுக்கும் இது பொருந்தும். காய்ந்த கரிசல் ஏறக்குறைய 0.12, நனைந்தால் அதில் பாதிக்கு இறங்கலாம். மழை பெய்து வெக்காளித்த மறுநாள் கரிசல் காடு மையாகக் கறுத்துக் கிடக்கும். நிற விதிப்படி அன்று அது அதிகம் கொதித்திருக்க வேண்டும். சம்சாரி அன்றுதான் வெறுங்காலோடு காட்டுக்குள் இறங்குகிறார்.

உலக அளவுக்குப் போனால் கணக்கின் விதி மாறுகிறது. இங்கேதான் பலர் வழுக்குகிறார்கள். ஆவியான நீர் வெப்பத்தை அழிப்பதில்லை. மேகமாகும் இடத்தில் திருப்பிக் கொடுத்துவிடுகிறது. ஆகவே ஊருக்குக் குளிர்ச்சி தருவது எல்லாம் பூமிக்குக் குளிர்ச்சி ஆகாது. பூமிக்கு வந்து சேரும் 340 வாட்டில் சுமார் 100 வாட் திரும்பிப் போகிறது, ஆனால் அதில் நிலமும் கடலும் பனியும் சேர்ந்து திருப்பி அனுப்புவது கால் பங்கு அளவுதான்; மிச்சம் மேகமும் காற்றுமண்டலமும் செய்கிற வேலை. மேகங்கள் மொத்தத்தில் பூமியைக் குளிர்விக்கின்றன என்பதைச் செயற்கைக்கோள் அளவீடுகளைக் கொண்டு 1989-இல் நிறுவிய குழுவுக்குத் தலைமை வகித்தவர் அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் பொறியியல் படித்த வீ. இராமநாதன். 2023-இன் திடீர் வெப்ப உயர்வில் ஏறத்தாழ 0.2 டிகிரிக்குக் காரணம் பூமியின் ஆல்பிடோ பதிவுகளிலேயே மிகக் குறைந்த நிலைக்குப் போனதுதான் என்று ஜெர்மானிய ஆய்வாளர்கள் 2024 இறுதியில் 'சயின்ஸ்' இதழில் எழுதியபோதும், அவர்கள் முதன்மையாகக் கைகாட்டியது தாழ்மேகங்களின் குறைவைத்தான்.

காடு விஷயத்தில் நாம் மனப்பாடமாக வைத்திருக்க வேண்டிய ஆய்வு கோவிந்தசாமி பாலாவும் சகாக்களும் 2007-இல் வெளியிட்டது. பின்னாளில் பெங்களூரு இந்திய அறிவியல் கழகத்துக்கு வந்த பாலா அப்போது அமெரிக்காவில் இருந்தார். கணினிக் காலநிலை மாதிரியில் உலகக் காடுகளை முழுக்க அழித்துப் பார்த்தார்கள். கரியமில வாயு பெருகியும் பூமி மொத்தத்தில் சற்றுக் குளிர்ந்தது! வடபுலக் காடுகள் போனதால் வெளிப்பட்ட வெண்பனி அவ்வளவு ஒளியைத் திருப்பியது. வெப்பமண்டலக் காடுகளை மட்டும் அழித்தபோது முடிவு நேர்மாறு: பூமி சூடேறியது. இங்கே பனியும் இல்லை. கரியமில வாயுவும் நீரும்தான் ஆட்டத்தைத் தீர்மானிக்கின்றன. சைபீரியாவில் மரம் நடுவதற்கு எதிராகச் சொல்லப்படும் நியாயத்தை ராஜபாளையத்துக்கு இறக்குமதி செய்வதில் பொருளில்லை.

அதே இந்திய அறிவியல் கழகத்தில் தேவராஜு, பாலா, மோதக் மூவரும் 2015-இல் இன்னொன்றையும் காட்டினார்கள். வடக்கு மித, உயர் அட்சரேகைகளில் பெருமளவில் காடழித்தால் வெப்பமண்டல மழைப்பட்டை தெற்கே நகர்ந்து, இந்திய மழை 18 விழுக்காடு வரை குறைகிறது. எங்கோ நிலம் வெளுத்தால் இங்கே கண்மாய் வற்றும். வானிலை அறிவியலாளர் சார்னி 1975-இல் ஆப்பிரிக்காவின் சாஹேல் பகுதிக்குச் சொன்னதும் இதன் முன்னோடிதான்: ஆல்பிடோவை 14-இலிருந்து 35 விழுக்காட்டுக்கு உயர்த்தியபோது அவருடைய மாதிரியில் மழை 40 விழுக்காடு சரிந்தது. பின்னால் சாஹேல் வறட்சிக்குக் கடல் வெப்பநிலையே பெரிய காரணம் என்று ஆனது. ஆனாலும் நிலத்தை வெளுக்க வைப்பது மழையை விரட்டலாம் என்ற இயக்கவியல் நிற்கிறது. மேற்குத் தொடர்ச்சி மலைக் காடுகள் விடும் நீராவிக்குத் தமிழகத்தின் தென்மேற்குப் பருவமழையில் கணிசமான பங்குண்டு என்று மும்பை ஐ.ஐ.டி.யின் சுபிமல் கோஷ் குழு 2018-இல் கணித்ததையும் இதோடு வைத்துப் பாருங்கள். மழை மறைவுப் பிரதேசத்தில் உட்கார்ந்திருக்கும் நமக்கு அது சின்ன விஷயமில்லை.

அப்படியானால் பச்சையாக எது நின்றாலும் நல்லதா? இல்லை. விருதுநகர் மாவட்டக் கண்மாய்களை அடைத்து நிற்கும் சீமைக் கருவேலத்தை எடுத்துக்கொள்ளுங்கள். கோடையிலும் பச்சை, வேர் ஆழம், தான் நிற்கும் இடத்தை அது குளிர்விக்கத்தான் செய்யும். காற்றின் ஈரத்தை உறிஞ்சுகிறது என்பதெல்லாம் கதை. அது எடுப்பது நிலத்தடி நீரை. அந்தக் குளிர்ச்சியின் விலை அடுத்த கிணற்றில் தெரியும். ஓடைக்கரை மருது செலவழிக்கும் நீரும் இதுவும் ஒன்றல்ல. பசுமைத் தமிழகம் இயக்கம் காடு, மர அடர்வை 33 விழுக்காட்டுக்கு உயர்த்த இலக்கு வைத்திருக்கிறது. மேய்ச்சல் புறம்போக்கையும் புல்வெளியையும் நிரப்பி அந்த எண்ணை எட்டலாம். நிலம் இருட்டாகும், ஆவியாக்க நீரும் இருக்காது. இரண்டு வகையிலும் நட்டம். எங்கே நீர் இருக்கிறதோ, எங்கே மரம் இருந்து போனதோ அங்கே நடுங்கள்.

நீரே இல்லாத பரப்புக்கு மட்டும் பள்ளிப் பாடம் அப்படியே செல்லும். கூரைதான் அந்தப் பரப்பு. சத்திரப்பட்டியில் பேண்டேஜ் துணி நெய்யும் விசைத்தறிக் கூடங்களின் பழைய சிமெண்ட் ஷீட் உச்சிவெயிலில் எழுபது விழுக்காட்டை உறிஞ்சுகிறது. வெள்ளையடித்து 0.3-ஐ 0.7 ஆக்கினால் உச்சியில் சதுர மீட்டருக்கு 350 வாட்டுக்கு மேல் மிச்சம். வேறெந்த வழியும் இந்தச் செலவில் இதைத் தராது. தெலங்கானா 2023-லேயே இதற்குத் தனிக் கொள்கை வகுத்துவிட்டது. வெப்ப அலையை மாநிலப் பேரிடராக 2024-இல் அறிவித்த தமிழகமும் வேகம் காட்ட வேண்டும். ஓர் எச்சரிக்கை: பஞ்சுத் தூசும் ஆடிக் காற்றுப் புழுதியும் படிந்தால் ஓராண்டில் வெண்மையின் கணிசமான பகுதி போய்விடும். திட்ட மதிப்பீட்டில் முதல் பூச்சுக்கு மட்டும் பணம் ஒதுக்கி, மறுபூச்சை விட்டுவிடுகிறோம்.

சூரிய மின் பூங்காக்கள் பற்றி ஒரு வரி. அரிசோனாவில் 2016-இல் அளந்தபோது பேனல் வயலில் இரவு வெப்பம் 3 முதல் 4 டிகிரி கூடியிருந்தது என்பதை எல்லோரும் மேற்கோள் காட்டுகிறார்கள். வெளிறிய பாலை மண்ணுக்குக் கிடைத்த எண் அது. ஏற்கெனவே கறுத்த கரிசலில் நிற்கும் பேனலுக்கு அதைப் பொருத்துவதற்கு முன் அங்கே அளக்க வேண்டும்.

அளப்பது பெரிய வேலையில்லை. மேல் நோக்கி ஒன்றும் கீழ் நோக்கி ஒன்றுமாக இரண்டு பைரனோமீட்டர் (சூரியக் கதிர்வீச்சு அளவி), பரப்புக்கு மேலே போதிய உயரம், மதியத்தை ஒட்டிய மணிநேரங்களின் பதிவு. மோடிஸ் செயற்கைக்கோள் கருவி தரும் 500 மீட்டர் கட்டத்தில் செண்பகத்தோப்பு ஓடையும் பக்கத்து மாந்தோப்பும் ஒன்றாகக் கலந்துவிடும். லேண்ட்சாட்டின் 30 மீட்டர் கட்டத்தில் பிரியும், ஆனால் மலைச்சரிவின் சாய்வுத் திருத்தம் இல்லாமல் அந்த எண்ணை நம்பக் கூடாது. மலை குளிர்ந்திருப்பதில் உயரத்தின் பங்கையும் கழித்தாக வேண்டும். ஒப்பிடும் இரண்டு இடமும் ஒரே உயரத்தில் இருப்பது நல்லது.

அடுத்த இதழ் முதல், நிலப்பரப்பு மாற்றத்தை வெப்பநிலையோடு இணைக்கும் எந்தக் கட்டுரையும் நான்கு விவரங்களோடு வர வேண்டும்: அந்த இடத்திலேயே அளந்த ஆல்பிடோ பருவவாரியாக, ஆவியாதல் மதிப்பீடு, அந்த நீர் எங்கிருந்து வந்தது என்ற குறிப்பு, பரப்பு வெப்பநிலையும் காற்று வெப்பநிலையும் தனித்தனியாக. அட்டவணையிலிருந்து எடுத்த ஆல்பிடோ எண்ணை மட்டும் வைத்து வரும் கட்டுரைகளை மதிப்பீட்டாளருக்கு அனுப்பாமலே கட்டுரையாளருக்குத் திருப்பி அனுப்புவோம்.