கடை உரிமம் காலிசெய்யும் கருவி அல்ல
குமரி மாவட்டச் சிறு கடைக்காரர்களின் கொள்கைப் பிரகடனம்

கோட்டார் கம்போளத்திலும், வடசேரி கனகமூலம் சந்தையைச் சுற்றியும், தக்கலை, மார்த்தாண்டம், களியக்காவிளைச் சாலையோரங்களிலும் வாடகைக் கட்டடத்தில் கடை நடத்தும் நாங்கள் ஓர் இயக்கமாக ஒன்றுகூடி இதை அறிவிக்கிறோம். பலசரக்கு, தையல், டீக்கடை, சிப்ஸ் கடை, செல்போன் ரிப்பேர் என்று தொழில் பல. எல்லோர் வயிற்றிலும் புளியைக் கரைப்பது உரிமம் புதுப்பிக்கும் மாதம்தான்.

நடப்பது இதுதான். கட்டட உரிமையாளர் வாடகையை இரட்டிப்பாக்கக் கேட்கிறார். அல்லது இடத்தை வேறொருவருக்குப் பேசி முடித்துவிடுகிறார். வழக்குப் போட்டால் ஆண்டுக்கணக்கில் இழுக்கும் என்பது அவருக்குத் தெரியும். அதனால் உரிமம் புதுப்பிக்கக் கேட்கப்படும் சம்மதக் கடிதத்தைத் தர மறுக்கிறார், சொத்து வரி ரசீதைக் காட்ட மறுக்கிறார். சிலர் வரியையே கட்டாமல் விடுகிறார்கள். எங்கள் மனு திரும்பி வருகிறது. பிறகு உரிமமில்லாத கடை என்று நோட்டீஸ், அதன்பின் சீல். நீதிமன்றம் சொல்லாத தீர்ப்பை அலுவலக அரக்கு எழுதிவிடுகிறது.

உரிமம் எதற்காக வந்தது? 1920ஆம் ஆண்டு மாவட்ட நகராட்சிச் சட்டத்தின் 249ஆம் பிரிவு, ஆபத்தும் தொல்லையும் தரக்கூடிய தொழில்களை முறைப்படுத்த வந்தது. அதனால்தான் மூத்த வியாபாரிகள் இன்றும் 'டி அன்ட் ஓ லைசென்ஸ்' என்றே சொல்கிறார்கள். 2023 ஏப்ரலில் நகர்ப்புற உள்ளாட்சிச் சட்டம் நடைமுறைக்கு வந்த பின்னும் அந்தத் தேவை அப்படியேதான் இருக்கிறது. அடுப்புப் புகை எங்கே போகிறது, கழிவுநீர் எங்கே விழுகிறது என்று அதிகாரி கேட்கட்டும். பதில் சொல்ல வேண்டியது எங்கள் கடமை. வாடகைத் தகராறில் யார் பக்கம் நியாயம் என்று பார்ப்பது சுகாதார ஆய்வாளரின் வேலையல்ல.

பக்கத்துத் திருவனந்தபுரத்தில் இதே தகராறு உச்ச நீதிமன்றம் வரை போனது. சுதாகரன் எதிர் திருவனந்தபுரம் மாநகராட்சி வழக்கின் 2016ஆம் ஆண்டுத் தீர்ப்பு, முறைப்படி இடத்தை அனுபவித்துவரும் வாடகைதாரரின் உரிமத்தைப் புதுப்பிக்க உரிமையாளர் சம்மதம் தேவையில்லை என்ற நிலையை அங்கே உறுதிப்படுத்தியது. அது கேரள நகராட்சிச் சட்டத்தை வைத்துச் சொன்னது, நம் அலுவலகங்களை நேரடியாகக் கட்டுப்படுத்தாது; தெரியும். ஆனால் 1956 நவம்பர் 1இல்தான் நாம் அந்தப் பக்கத்திலிருந்து பிரிந்து வந்தோம். களியக்காவிளைக்கு அப்பால் டீ ஆற்றுகிறவருக்குக் கிடைக்கும் நியாயம் இப்பால் ஆற்றுகிறவருக்கு ஏன் கூடாது?

உரிமையாளர்களைப் பகைக்க இந்த இயக்கம் தொடங்கப்படவில்லை. ஒற்றைக் கடை வாடகையில் வீட்டுச் செலவை ஓட்டும் அம்மாமார் எத்தனையோ பேர். வாடகையைப் பாக்கி வைத்துக்கொண்டு அதே கடையை உள்வாடகைக்கு விட்டுக் காசு பார்க்கிறவர் எங்களிலும் உண்டு. அவருக்காக ஒரு மனுகூட எழுத மாட்டோம்.

தகராறுக்கு உரிய இடம் ஏற்கெனவே இருக்கிறது. 2019 பிப்ரவரி 22 முதல் நடப்பில் உள்ள வாடகைச் சட்டத்தில் வாடகை அதிகாரியும் வாடகை நீதிமன்றமும் உண்டு. உரிமையாளர் வாடகை வாங்க மறுத்தால் இரண்டு மாதம் மணியார்டரில் அனுப்பிவிட்டு, பிறகு வாடகை அதிகாரியிடம் கட்டலாம். தண்ணீரையும் கரண்டையும் துண்டிக்க உரிமையாளருக்கு அதிகாரமில்லை. சிக்கல் என்னவென்றால், அந்தச் சட்டம் எழுதிப் பதிவுசெய்த ஒப்பந்தம் கேட்கிறது. நம் ஊரிலோ தாத்தா காலத்து வாய்ப்பேச்சில் ஓடும் கடைகள் ஏராளம். உள்ளாட்சிக்குச் சொந்தமான கடைகளுக்கு அந்தச் சட்டம் பொருந்தவே பொருந்தாது. அங்கே வாடகை கேட்பவரும் உரிமம் தருபவரும் ஒருவரே.

ஆகவே நாங்கள் கோருவது: உரிமம் புதுப்பிக்க வாடகை கட்டிய ஆதாரமும் மின் கட்டண ரசீதும் போதும் என்று உத்தரவு வேண்டும். சொத்து வரி பாக்கியை உரிமையாளரிடம் வசூலியுங்கள். முடியாவிட்டால் நாங்கள் கட்டி வாடகையில் கழித்துக்கொள்ள அனுமதியுங்கள். வாடகை வழக்கு நடக்கும்போது தற்காலிக உரிமம் தாருங்கள். எழுத்தில் காரணம் சொல்லாமல், எங்கள் பதிலைக் கேட்காமல் சீல் வைக்காதீர்கள். ஊராட்சிகளில் சிறு கடைகளுக்கும் உரிமம் கட்டாயம் என்று 2025இல் வந்த விதியை வணிகர்கள் எதிர்த்ததும் அரசு நிறுத்தி வைத்தது. அது மீண்டும் வருமானால், இந்தப் பாதுகாப்புகளோடு வரட்டும்.

இயக்கத்தின் பெயரை முதல் பொதுக்கூட்டம் முடிவு செய்யும். கட்சிக் கொடி எதுவும் மேடையில் இருக்காது. வாடகைச் சீட்டின் நகல் கொடுத்தால் உறுப்பினராகலாம். சீட்டே இல்லாதவர் முதலில் வரட்டும், உரிமையாளரையும் கூட்டிக்கொண்டு. ஒப்பந்தம் எழுதிப் பதிவுசெய்ய இருவருக்கும் உதவுவதுதான் எங்கள் முதல் வேலை.